முந்நூற்றுப் பதினொன்று

டக்காரில், கடற்கரைச் சாலைக்குப் பின்னால்,
எங்கள் மருத்துவமனையின் கடைசி அறையில்
நின்றபடியே குளிக்கலாம், வெளிச்சத்தில்.
முந்நூற்றுப் பதினொரு நானோமீட்டர்.
சூரியனின் அந்த ஒரு கீற்றை மட்டும் பிரித்தெடுத்துக்
குழல்விளக்கில் அடைத்திருக்கிறார்கள்.
பொத்தானை அழுத்துவது என் வேலை.

செவ்வாயும் வெள்ளியும் மாமூர் வருவார்.
மினிபஸ்களுக்குப் பெயின்ட் அடிப்பவர்.
நகக்கண்ணில் எப்போதும் மஞ்சள், எப்போதும் நீலம்.
உடம்பின் நிறம்தான் எங்கோ இறங்கிப் போய்விட்டது.
முதலில் கடிகாரப் பட்டை உரசிய இடம்.
பிறகு பெல்ட்.
பிறகு ஒரே வாரத்தில் இரண்டு கண்களையும் சுற்றி.
காவலுக்கு வைத்த அணுக்களே
மை செய்கிற அணுக்களைத் தின்கின்றனவாம்;
பக்கத்து வீட்டுச் சண்டையைச் சொல்வதுபோலச் சொல்வார்.
அவர் வரைந்த பஸ்ஸிலேயே
அவர் பக்கத்து இருக்கை காலியாக வரும்.
குஷ்டம் என்று ஒருவன் முணுமுணுத்தால் போதும்,
அடுத்த நிறுத்தத்தில் நாலு பேர் இறங்குவார்கள்.
"ஒட்டாது என்று நெற்றியில் எழுதிக்கொள்ளட்டுமா?
எழுத்து நம் தொழில்தானே."

கறுப்புக் கண்ணாடி மாட்டிவிட்டு எண்ணத் தொடங்குவேன்.
முதல் நாள் முப்பது வினாடி.
நாற்பதாம் முறை நான்கு நிமிடம்.
ஐந்தாம் மாதம், முழங்கையில்,
ஒவ்வொரு மயிர்க்காலின் அடியிலிருந்தும் ஒரு பழுப்புப் புள்ளி
ஈரத்துணியில் முடிந்த கம்பு முளைவிட்டதுபோல.
மயிர்க்கால்தான் நிறத்தின் விதைக்குதிர்.
உதட்டில் குதிர் இல்லை. விரல்நுனியில் இல்லை.
அங்கே எத்தனை வெளிச்சம் ஊற்றினாலும் தரிசு.
அவர் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை.

வெளியே பெஞ்சில் ஒரு வரிசை.
பிள்ளை பெற்றதும் கன்னத்தில் மங்கு விழுந்தவள்.
பரு ஆறியும் பருவின் நிழல் ஆறாத பையன்.
பிறவியிலேயே மை இல்லாத சிறுமி,
தொப்பி விளிம்பைக் கடித்துக்கொண்டு;
அவளுக்கு என் அறை ஆகாது, நிழல்தான் அவள் மருந்து.
வரிசையின் கடைசியில் செய்னாபு.

செய்னாபு சந்தையில் கிரீம் விற்கிறாள்.
ஹைட்ரோகுவினோன், ஸ்டீராய்டு, பேரில்லாத ஒரு பொடி;
வாளியில் கலந்து, டப்பாவில் வழித்து,
முதலில் தன் முகத்தில்.
ஆறு வருடம் வெளுத்தது.
ஏழாம் வருடம் கன்ன எலும்பின்மேல்
சாம்பலும் நீலமுமாகக் கறுக்கத் தொடங்கியது.
"நிறுத்து. அதுதான் முதல் மருந்து" என்றார் டாக்டர் பாட்ஜி.
இரண்டாவது மருந்தைக் கேட்டுத்தான்
மாதாமாதம் வருகிறாள்.
விரல்முட்டிகள் மட்டும் வெளுப்பதேயில்லை.
பூசுகிறவர்களை முட்டிதான் காட்டிக்கொடுக்கும்.

மழைக்காலத்தில் மாமூருக்கு மறுபடி பரவியது.
முளைத்ததும் போயிற்று. முதுகும் போயிற்று.
ஒரு காதும் கழுத்தின் ஒரு பக்கமும் மீதி.
டாக்டர் மெதுவாகச் சொன்னார்:
மிச்சத்தையும் அழிக்க ஒரு களிம்பு உண்டு.
உடம்பெல்லாம் ஒரே நிறமாகிவிடும்.
போனது திரும்பாது. யோசித்துச் சொல்லுங்கள்.
கதவு பாதி திறந்திருந்தது.

மாமூர் யோசிக்கவில்லை.
"இருபது வருடத் தொழிலில்
பஸ் முழுக்க வெள்ளை அடி என்று
ஒரு முதலாளியும் என்னிடம் வந்ததில்லை."
சிரித்தார். செவ்வாய்க்கிழமைக்குச் சீட்டு வாங்கினார்.
படியிறங்கும்போது அந்தக் காதை ஒருமுறை தொட்டுக்கொண்டார்.

அவர் தலை மறைந்ததும்
செய்னாபு எழுந்து என்னருகே வந்தாள்.
குரலைத் தாழ்த்தி,
"அந்தக் களிம்புக்கு என்ன பேர்?"

காதில் விழாததுபோல் சீட்டை இழுத்து
வெயில் தடுப்புக் களிம்பு, இரண்டு மணிக்கு ஒருமுறை,
அகல விளிம்புத் தொப்பி,
எல்லா டப்பாவையும் குப்பையில், என்று எழுதினேன்.
கையெழுத்து ஏனோ கோணியது.

சீட்டை அவள் பார்க்கவில்லை.
சுத்தத்துக்காகப் போடுகிறேன் என்று
இந்தத் தளத்தில் எல்லோரும் நம்புகிற
என் கையுறைகளை,
மெல்லிய ரப்பருக்குள் மடங்கிய விரல்முட்டிகளைப்
பார்த்துக்கொண்டிருந்தாள்.

கடைக்காரி.
வாடிக்கையாளரைத் தெரியாதா.