மீனாட்சிபுரம், பதினோராம் இரவு

ஹெப்சிபா கேள்வி கேட்பதில்லை.
கேட்டால் பதில்தான் வரும் என்பாள்.
கேமராவை இடுப்புயரத்தில் நிறுத்திவிட்டு
சோதனைச் சாவடியின் கட்டைச் சுவரில் உட்கார்ந்து
வேர்க்கடலை உடைப்பாள்.
ஓட்டைச் சட்டைப் பைக்குள் வைத்துதான் நொறுக்குவாள்,
என் மைக்கில் ஏறிவிடக் கூடாதென்று.

ஓணத்துக்கு ஒன்பது நாள்.
பொள்ளாச்சிப் பக்கத்துப் பால் வண்டிகள்
புளியமரம் வரை வரிசை கட்டி நிற்கின்றன.
உள்ளே ஷீஜா, கையுறையோடு,
கண்ணாடிக் குழாயை டியூப் லைட்டுக்கு நேரே தூக்குகிறாள்.
நிறம் மாறாவிட்டால் கேரளம்.
மாறினால் வந்த வழி.

முதல் மூன்று இரவும் எல்லோரும் எங்களையே பார்த்தார்கள்.
ஒருவர் தலை வாரிக்கொண்டு வந்து
எந்த சேனலுங்க என்றார்.
நான்காம் இரவு
நான் சாய்த்து வைத்திருந்த பூம் கம்பியில்
யாரோ ஈரத் துண்டைக் காயப்போட்டிருந்தார்கள்.
ஹெப்சிபாவுக்கு அவ்வளவு சந்தோஷம்.
"இனிமே எடுக்கலாம்."

பதினோராம் இரவு, மூன்றே கால் மணி.
மாசாணத்தின் வண்டி.
குழாய் நிறம் மாறியது.
அவர் சண்டை போடவில்லை. ஷீஜாவிடம் நேரம் கேட்டார்,
கையில் கடிகாரம் கட்டியிருந்தும்.
பிறகு வண்டிக்குப் பின்னால் போய்
முதலாளியிடம் சொல்லப்போவதை
அணைந்த போனில் சொல்லிப் பார்த்தார்.
"அண்ணா, வந்துங்க..."
"ஒண்ணுமில்லீங்கண்ணா, ஒரு சின்ன..."
"தூங்கிட்டீங்களாண்ணா?"

சாயங்காலம் அவர் காலரில் நான் குத்திய மைக்
எல்லாவற்றையும் என் காதில் ஊற்றியது.
கேமராவுக்குக் கிடைத்ததோ
ஒரு டயரும் இரண்டு செருப்பும்.
கையை ஆட்டினேன், நிறுத்து என்று.
வியூஃபைண்டரிலிருந்து கண்ணை எடுக்காதவளுக்கு
என் கை எப்படித் தெரியும்.

மைக்கைக் கழற்றப் போனபோதுதான்
அவருக்கு ஞாபகம் வந்தது.
"இது ஓடிட்டா இருந்துச்சு?"
ஆமாம் என்றேன்.
திட்டுவார் என்று நின்றேன்.
கொஞ்சம் யோசித்துவிட்டு
குரலைத் தாழ்த்திக் கேட்டார்:
"மூணுல எதுங்க சரியா இருந்துச்சு?"

பார்ப்பவர்கள் பேசக் கூடாது,
அதுதான் எங்கள் வேலையின் முதல் பாடம்.
"ரெண்டாவது" என்றேன்.
அவர் எண்ணை அழுத்தினார்.
மைக் என் உள்ளங்கையில் இருந்தது.
விரல்களை மடக்கிக்கொண்டேன்.
முதலாளியின் குரல் மட்டும் கொஞ்சம் கசிந்தது,
குளவி போல.

எடிட்டிங் அறையில்
அந்தக் கோப்பு பழுது என்று சொல்லிவிட்டேன்.
படத்தில் இப்போது நான்கு நிமிடம்
டயர், செருப்பு, சில்வண்டு.
செருப்பு ஒருமுறை இடம் மாறும்.
பார்த்தவர்கள் அதை உத்தி என்கிறார்கள்.
ஹெப்சிபா என் பக்கம் திரும்பி
கொஞ்ச நேரம் பார்த்தாள்.
ஒன்றும் கேட்கவில்லை.