தராசுக்காரி

கற்களுக்குச் சிவப்புச் சாயம் அடித்துவிட்டுப் போனார்கள்.
அந்தப் பக்கம் மாமரம்.
இந்தப் பக்கம் நாங்கள்.

குயிட்டோ சந்தையில் மரவள்ளி மாவு விற்கிறேன்.
அள்ளும்போதே கை சொல்லிவிடும்,
முக்கால், ஒன்றேகால் என்று.
தராசு சும்மா சாட்சிக்கு.

கண்ணி எடுக்க வந்த விஹெம்பா
ஒருநாள் மாவு வாங்க நின்றாள்.
எவ்வளவு பாரம் ஏறினால் அது வெடிக்கும் என்று கேட்டேன்.
கட்டி வைத்திருந்த பையைத்
தூக்கிப் பார்த்துக் கீழே வைத்தாள்.
"இது போதும்."

ஐந்து கிலோப் பை அது.

அன்று பிடித்தது இந்த வியாதி.
மாம்பழம் முந்நூறு கிராம், விழட்டும்.
கோழி ஒன்றரை, போகட்டும் வரட்டும்.
பக்கத்து வீட்டுச் சினை ஆடு போனது.
மழையை எதில் வைத்து நிறுப்பது?
மழை பெய்தால் மண் நகரும் என்கிறாள் விஹெம்பா,
கற்கள் அங்கேயே நிற்குமாம்,
கண்ணிகள் மட்டும் இறங்கி வருமாம்
ஆற்றுப் பக்கம், நாங்கள் துவைக்கிற பக்கம்.

ராத்திரி பழம் விழுகிறது.
தொப்.
ஒவ்வொரு தொப்புக்கும்
கபிங்காலா புரண்டு படுக்கிறான்.
பதினாறு வயதில் அவன் கையில்
மண்வெட்டி கொடுத்தவர்கள் யார்,
எந்த மரத்தடியில் என்ன புதைக்கச் சொன்னார்கள்,
நான் கேட்டதில்லை.
மாம்பழம் மட்டும் அவன் தின்பதில்லை.

இரட்டை பிறந்தால்
மூத்தது சிங்கம், இளையது யானை,
எங்களில் அதுதான் பெயர்.
ஹோசி வரும்போதே மூச்சில்லை.
ஜம்பா ஒரு கிலோ எண்ணூறு.
"ஒன்று எண்ணூறில் ஒரு யானையா!"
நர்ஸ் சிரித்தாள்.
தையல் இழுக்க இழுக்க நானும் சிரித்தேன்.

யானை குடித்தது, தூங்கியது, குடித்தது.
இரண்டரை. மூன்று அறுநூறு.
நான்காம் மாதம்
ஆஸ்பத்திரித் தராசின் கொக்கியில்
துணித்தூளியோடு தொங்கிக்கொண்டு
என்னைப் பார்த்துக் காலை உதைத்தான்.
முள் ஆடி ஆடி
ஐந்தைத் தொட்டு நின்றது.

"பிழைத்துக்கொண்டான்!"
நர்ஸ் கை தட்டினாள்.
வரிசையில் நின்ற பெண்களும் தட்டினார்கள்,
யாருடைய பிள்ளை என்று தெரியாமலே.

துணியின் எடையைக் கழித்தீர்களா
என்று கேட்டேன்.

கழித்தாள்.
எழுபது கிராம் குறைந்தது.

அந்த ஒரு வாரம் மட்டும்
அவனை இடுப்பிலிருந்து இறக்கி
மண்ணில் கிடத்தினேன்.