புள்ளிக்குக் காசில்லை

எழுத்துக்கு ஒன்பது யூரோ என்றார் கோல்மன்.
என்னிஸில் கல் விலை ஏறிவிட்டது,
மழையும் விட்டபாடில்லை.

டெர்வ்லா தாளில் எழுதிக் காட்டினாள்.
பதினோரு எழுத்து.
வாய்விட்டுச் சொன்னால் கீலின்,
அவ்வளவுதான்.
பாதிப் பெயர் மெல்லியவள், மீதி வெண்மை,
நடுவில் ஓர் எஃப்பும் எச்சும்
யாரும் கூப்பிடாமல்.

ஒலிக்காததை விட்டுவிடட்டுமா?
சுருக்கி எழுதுகிறவர்களும் இருக்கிறார்கள்.
பதினெட்டு யூரோ மிச்சம்.

பிறந்தபோது
அவளும்தான் சத்தம் போடவில்லை
என்றாள்.

காதில் செருகிய பென்சிலை
எடுத்தார், திரும்பச் செருகினார்.
எங்கள் அப்பா காலத்தில் இந்த எச் கிடையாது.
எஃப்பின் தலைமேல் ஒரு புள்ளி.
புள்ளி விழுந்தால் ஒலி போய்விடும்,
மெய் அங்கேயே நிற்கும்.
தட்டச்சுப் பொறியில் புள்ளிக்கு விசை இல்லை,
அதுதான் எச் வந்து உட்கார்ந்துகொண்டது.

புள்ளிக்கு எவ்வளவு?

புள்ளிக்கு யாரம்மா காசு வாங்குவார்கள்.

மற்ற எழுத்துகளுக்குக்
கோடுகூடக் கிழிக்கவில்லை.
வெற்றுக் கல்லின் நடுவே உளியை நிறுத்தி
ஒரே ஒரு தட்டு.

அவள் குனிந்து
தூசியை ஊதினாள்.