ஏலாமை

ஸ்காபரோ ஆஸ்பத்திரி, நாலாம் மாடி.
டொக்டர் ஒரு சொல் சொன்னா:
ஃப்ரெய்ல்.
மணிக்கு இருபத்தெட்டு டொலர் எனக்கு,
சொல்லைச் சிந்தாமல் கைமாற்ற.

பலவீனம் என்றால் கோபிப்பார்.
மெலிவு பொய்,
வயிறு முன்னால் நிற்கிறது.
நலிவு கம்பனிகளுக்குச் சொல்வது.
நொய்மை என்று வாயெடுத்தேன்,
கஞ்சி மணந்தது, விட்டுவிட்டேன்.

"என்னவாம் பிள்ளை?"
பதினேழு வருஷம்
கிடங்கில் கண்ணாடிச் சாமான் பெட்டி தூக்கியவர்
தர்மகுலசிங்கம்.

"உடம்புக்கு ஏலாதாம்."
"ஆர் சொன்னது? ஏலும்."
கட்டில் கம்பியைப் பிடித்து எழும்பினார்.
மூன்று எண்ணும்வரை நின்றார்.
நாலில் நான் தாங்கினேன்.

சாய்ந்தபடியே
டொக்டரின் தாளை எட்டிப் பார்த்தார்.
அச்சடித்த சொல்லில் பேனா வட்டம்.
விரலை வைத்து எழுத்தெழுத்தாய் எண்ணினார்.

"இது எனக்குத் தெரிஞ்சதுதான்.
பெட்டியில ஒட்டுவம்,
சிவப்பில, வைன் கிளாஸ் படத்தோட.
தூக்கிறவன் பாத்துத் தூக்கோணும் எண்டு.
இதில ரெண்டு எழுத்தைக் காணேல்ல."

என்ன சொல்கிறார் என்று
டொக்டர் என்னைக் கேட்டா.

எழுத்துப்பிழையாம் என்றேன்.

அவ குனிந்து
தாளை இன்னொருக்கால் வாசித்தா.