மேசைக்கு அடியில்

ஜூலை மழை. ஆற்றைப் பார்த்த ஜன்னலில்
மொன்டெவீடியோ கரைந்து வழிகிறது.
மாத்தே குடுவையில் வெந்நீர் ஊற்றிவைத்து
உறையைப் பிரிக்கிறேன்.
புவெனோஸ் அய்ரெஸிலிருந்து படகேறி வந்த வட்டு,
கடுகு மஞ்சளில் அட்டை.
விலையை என் தங்கை ஒஃபேலியாவிடம்
பாதியாகத்தான் சொல்வேன்.

படம் எங்களுக்கு மனப்பாடம்.
மூடிப்போன ஓட்டலில் ஏழு பேர்க் குடும்பம்;
ஆளுக்கொரு நிறம், ஆளுக்கொரு மாடி.
எவர் அழுதாலும் சட்டத்தின் நட்டநடுவில் நின்றுதான் அழுவார்.
கேமரா நண்டு ஜாதி,
பக்கவாட்டில் மட்டுமே நடக்கும்.
லிஃப்டில் சிக்கிய அப்பா
மாடிக்கு மாடி மன்னிப்புக் கேட்பார்;
வார்த்தை முடியுமுன் கதவு சாத்திக்கொள்ளும்.

எங்களிடம் இருந்தது ஒரு கேசட்.
யாரோ டெலிவிஷனிலிருந்து பதிந்தது,
நடுவே ஒரு சலவைத்தூள் விளம்பரம்.
அதுவும் கதையில் சேர்த்தி என்று
ஒன்பது வயதுவரை நம்பினேன்.
அதில் மஞ்சள் காவி, பச்சையும் காவி,
மூத்த மகளின் சிவப்புக் கோட்டு
நேற்றைய சூப்.
சுவரெல்லாம் ஏதோ அழுக்கு.

அழுக்கில்லை.
கொக்குகள்.
ஒவ்வொன்றும் கையால் தீட்டிய கொக்கு,
தூரிகையின் மயிர் பிரிந்த இடம்கூடத் தெரிகிறது.
எல்லாம் ஒற்றைக்காலில்;
படிக்கட்டுக்குப் பக்கத்தில் ஒன்று மட்டும்
இரண்டு காலையும் ஊன்றிவிட்டது.
வரைந்தவருக்கு அன்று அலுத்திருக்க வேண்டும்,
அல்லது கொக்குக்கு.

அப்பாவுக்கு ஒட்டுமீசை.
ஓரத்தில் பசை மின்னுகிறது.
ஏனோ அவர்மேல் நம்பிக்கை கூடுகிறது.

பிறகு அந்த கேக் காட்சி.
அப்பா தடுக்கி மூன்றடுக்குக் கேக்கில் விழ,
ஐந்து பிள்ளைகளும் சிரிக்க,
அம்மா மட்டும் கல்லாக உட்கார்ந்திருப்பாள்.
எங்கள் வீட்டில் அப்பா தொடை தட்டிச் சிரிப்பார்;
அம்மா கெட்டிலைப் பார்க்க எழுந்துபோவாள்.
கேசட்டில் திரையின் அடிவிளிம்பு எப்போதும்
கோடு கோடாக நடுங்கிக்கொண்டிருக்கும்.

இன்று நடுங்கவில்லை.
மேசைவிரிப்பின் சரிகைக்குக் கீழே
கழன்று கிடக்கும் அவருடைய ஷூவை
அந்தக் கல்மனுஷியின் பாதம்
மெல்ல, யாருக்கும் தெரியாமல்,
அவர் பக்கம் தள்ளுகிறது.

நிறுத்தினேன். பின்னால் ஓட்டினேன்.
மறுபடியும் தள்ளினாள்.

இரவு பதினொன்றே முக்காலுக்கு
சால்ட்டோவில் ஒஃபேலியா போனை எடுத்தாள்.
"ஷூவா?
எலி என்றல்லவா நினைத்திருந்தேன்.
கேக்குக்கு அடியில் நசுங்கிவிடுமே என்று
ஒவ்வொரு முறையும் அழுதேனே, அன்செல்மோ."

சிரித்தோம், இருமும்வரை.
அப்புறம் இரண்டு பேரும் பேசவில்லை.
அவள் ஊரிலும் மழை;
போனில் கேட்டது.

"மறுபடி போடு. எனக்குச் சொல்லு."
போட்டேன்.
கேக் விழுந்தது, பிள்ளைகள் சிரித்தார்கள்,
கொக்குகள் அசையவில்லை.

"தள்ளுகிறாளா?"
தள்ளுகிறாள்.
"நன்றாகப் பாரு.
அவர் பக்கம்தானே?"