அளவு அட்டை

குன்வோர் ஹெட்பெரி.
கழுத்து முப்பத்தைந்து. காலணி முப்பத்தொன்பது.
இடது தோள் அரை விரல் தாழ்வு, பஞ்சு வைக்கவும்.
எழுபத்தொன்பதில் நான் எழுதிய அட்டை.
இடுப்பளவை மட்டும்
பதினோரு முறை அடித்து எழுதியிருக்கிறேன்.

முதலில் பால்கடைப் பெண். ஒரே வசனம்:
"இன்றைக்கு வெண்ணெய் இல்லை."
அடுத்தது பிணம்.
மால்மோ துறைமுகத்தில், மார்ச் மாதக் காற்றில்,
மூச்சு ஆவியாய்த் தெரியக் கூடாதென்று
வாய்க்குள் பனிக்கட்டியை அதக்கிக்கொண்டு
ஒரு பகல் முழுக்கச் செத்துக் கிடந்தாள்.

பிறகு ஆறு வருடம் போலீஸ் அதிகாரி,
வியாழன்தோறும் இரவு எட்டு மணிக்கு.
அவள் விலங்கு மாட்டியவர்களில் பாதிப் பேர்
வேறு படங்களில் அவளுக்குக் கணவர்கள்.

டிசம்பர் மாதக் குழந்தைகள் தொடரில்
முள்ளெலிக்குக் குரல் கொடுத்தாள்.
குரல் மட்டும்தான். ஆனாலும் என்னிடம் வந்து
"முள் இல்லாமல் எப்படிப் பேசுவது?" என்றாள்.
என் குண்டூசிப் பெட்டி முழுதும்
அவள் கம்பளிச் சட்டையில் போனது.

கிரூனாவில் ஜூன் மாதம் நள்ளிரவுக் காட்சி.
சூரியனோ இறங்க மாட்டேனென்கிறது.
ஜன்னலுக்கெல்லாம் கறுப்புத் துணி தைத்து
இரவை நான்தான் செய்து கொடுத்தேன்.
அதற்குள் இருந்து அழுதுவிட்டு
வெளியே வந்து, கண் கூச,
படியில் உட்கார்ந்து ஸ்ட்ராபெரி தின்றாள்.

இயக்குநர் காய்ச்சலில் படுத்தபோது
இரண்டு பாகம் அவளே எடுத்தாள். பெயர் வரவில்லை.
'பன்முகத் திறமை' என்று ஒரு பத்திரிகை எழுதியது.
"ஒரு முகத்துக்கு வாடகை கட்டவில்லை,
அவ்வளவுதான்," என்று
அதில் மீன் சுற்றி எடுத்துப் போனாள்.

இங்வே போன பிப்ரவரியில் இறந்தார்.
முப்பது வருடம் அவள் தலைக்கு மேலே
மைக்கை நீட்டிப் பிடித்த மனிதர்.
யொக்மொக் தாண்டிச் சின்னக் கல்லறை,
இரண்டு நாள் நிலத்தைச் சூடேற்றித் தோண்டிய குழி.
பாதிரியாரின் கார்
பனிமான் கூட்டத்துக்குப் பின்னால் எங்கோ நின்றுவிட்டது.
மைனஸ் இருபத்தாறு.
காத்திருக்கக் கால் ஒத்துழைக்கவில்லை.

எல்லோரும் குன்வோரைப் பார்த்தார்கள்.
மூன்று வருடம் தொலைக்காட்சியில் பாதிரியாராக இருந்தவள் ஆயிற்றே.
மாட்டேன் என்றாள். மூக்கைச் சிந்தினாள்.
பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு தொடங்கினாள்.
நாலாம் பாகத்து வசனம்,
ஓர் எழுத்துப் பிசகவில்லை.
இங்வேயின் மகன் தொப்பியைக் கழற்றினான்.

மண்ணைப் பற்றிச் சொல்லும் இடத்தில் நிறுத்தினாள்.
அந்தக் காட்சி அங்கேதான் முடியும்.
யாராவது 'கட்' சொல்ல வேண்டும்.

சொல்லவில்லை.

மெல்ல மேலே பார்த்தாள்,
மைக் தொங்கும் உயரத்துக்கு.
வெறும் பிர்ச் மரக் கிளை.

அதற்கு மேல் அவளுக்கு வசனம் இல்லை.
வாய் திறந்தபடி இருந்தது.
ஆவி வந்துகொண்டே இருந்தது.

நான் என்ன செய்வேன்,
பழக்க தோஷம்,
கிட்டே போய் இடது தோளைத் தூக்கிவிட்டேன்.
அது அவளுடைய சொந்தக் கோட்டு.
உள்ளே பஞ்சு இல்லை.