அடையாளம் காட்டச் சொன்னபோது

சிங்காநல்லூர்க் குளத்தில் வலை வீசுகிற அங்கணனை
நான்தான் ஸ்டூடியோவுக்குக் கூட்டிப்போனேன்.
மீன் வேண்டுமென்றார்கள். மீனோடு அவனும் வந்தான்.

ராஜாவின் மோதிரத்தை விழுங்கிய மீன்.
மெட்ராஸ் நடிகர் தொட மாட்டேன் என்றார்,
கவுச்சி.
அங்கணனையே நிற்க வைத்தார் பம்பாய் டைரக்டர்.
அவருக்குத் தமிழ் தெரியாது,
வாய் அசைந்து நின்றால் கையைத் தூக்குவார்.

நான் வசனம் எடுத்துக்கொடுக்கிறவன்.
"பிரபோ, அடியேன் நிரபராதி" என்று
பண்டிதர் எழுதியிருந்தார்.
ஏழு தடவை அது அங்கணன் நாக்கில் வழுக்கி விழுந்தது.
எட்டாவதில் பீளமேட்டு மில் சங்கு ஊதிற்று.
மைக்குக்குக் கீழே மூச்சைப் பிடித்து நின்றோம்.
சங்கு அடங்கியதும் அவனாகவே சொன்னான்:

"மீன் வகுத்துல கெடந்துதுங்க.
நாந் திருடுலீங்க.
அடிக்காதீங்க சாமி."

காவலர் வேஷத்தில் இருந்த இரண்டு மில்காரர்களும்
ஓங்கிய கையை இறக்கிவிட்டார்கள்.
டைரக்டர் கையைத் தூக்கினார்.
பண்டிதர் பொடியைத் தட்டிக்கொண்டு சொன்னார்:
"மூலத்திலும் அவன் சமஸ்கிருதம் பேசுவதில்லை.
அது ராஜாவுக்கு.
மீன்காரனுக்கு வீட்டுப் பேச்சு."

மத்தியானம் அந்த மீனைக் குழம்பு வைத்துத் தின்றோம்.
பண்டிதர் தவிர.

முனிவர் சாபம் கொடுக்கக் கையை உயர்த்தியதோடு
படம் நின்றுபோனது.
பஞ்சு விலை இறங்கிவிட்டதாம்,
முதலாளி பூட்டுப் போட்டார்.
நாலு நாள் கூலி வரவில்லை, மீனுக்கும் காசில்லை.
அங்கணன் மடியில் மோதிரம் மட்டும்:
பித்தளை, மேலே முலாம், சிவப்புக் கண்ணாடி.

பெரிய கடைவீதியில் அடகு வைக்கப் போனான்.
கடைக்காரர் உட்காரச் சொல்லிவிட்டு
ஸ்டேஷனுக்கு ஆள் அனுப்பினார்.

அப்படி ஒருவனைத் தெரியாது என்று
முதலாளி சொல்லிவிட்டாராம்.
அவருக்கு எந்த முனிவரும் சாபம் கொடுத்திருக்கவில்லை.
என்னைக் கூப்பிட்டார்கள்.

அங்கணன் என் முகத்தையே பார்த்தான்,
எடுத்துக்கொடுப்பேன் என்று.
பிறகு அவனே சொன்னான்,
ஒரு எழுத்து மாறாமல்,
"சாமி" வரைக்கும்.
இங்கே யாரும் கையை இறக்கவில்லை.

"இவனைத் தெரியுமா?"

சேலத்துக் கம்பெனிக்கு முதலாளி கொடுத்த கடிதம்
என் சட்டைப்பையில் இருந்தது,
வேர்வையில் மை ஊறிக்கொண்டு.
எனக்கு எடுத்துக்கொடுக்க ஒருவரும் இல்லை.

"நெனப்பில்லீங்க" என்றேன்.

வீட்டுப் பேச்சில்.